கோயில் விளக்கடியில் கண்ட அந்துப்பூச்சியும் வள்ளிக்கொடிக் கம்பளிப்பூச்சியும் ஒரே இனமா?

கேள்வி: பள்ளித்தோட்டம்

அனைவருக்கும் வணக்கம். மலேசியாவின் பெஸ்தாரி ஜெயாவுக்கு அருகில், மூத்தவர்கள் இன்றும் பத்தாங் பெர்ஜுந்தை என்றே அழைக்கும் வட்டாரத்தில், செம்பனை என்னும் எண்ணெய்ப் பனைத் தோட்டத்தை ஒட்டிய ஒரு தமிழ்ப்பள்ளியில் அறிவியல் கற்பிக்கிறேன். நான்காம் ஆண்டு மாணவர்கள் பள்ளித் தோட்டத்தில் சர்க்கரைவள்ளி நட்டிருக்கிறார்கள். மழை பிடித்த பிறகு அந்தக் கொடியில் கரும்பழுப்பு நிறக் கம்பளிப்பூச்சிகள் தென்படத் தொடங்கின. அவற்றின் உடல் முழுவதும் நீண்ட முடி ஒரே சீராக வளர்ந்திருக்கிறது. முதுகின் நடுவே மஞ்சள் கோடு ஓடுகிறது. தொட்டால் சுருண்டுகொள்கின்றன, விட்டுவிட்டால் பாத்தியைக் கடந்து வியக்கத்தக்க வேகத்தில் ஓடிவிடுகின்றன.

அதே வாரத்தில், வேலியோரச் செம்பனை மட்டையில் ஒரு மாணவன் வேறொரு கம்பளிப்பூச்சியைக் கண்டான். அதன் முதுகில் பல் துலக்கும் தூரிகையை வெட்டி நட்டதைப் போல நான்கு குச்சங்கள் இருந்தன. தலைப்பக்கத்தில் இரண்டு முடிக்கற்றைகள் கொம்புகளாக நீண்டிருந்தன. அதைக் கையில் எடுத்தவனுக்கு மணிக்கட்டு வரை தடித்துவிட்டது. அவனுடைய பாட்டி அடுப்புச் சாம்பலைத் தேய்த்துவிட்டார். அரிப்பு கூடியதே தவிரக் குறையவில்லை.

மூன்றாவதாக ஒன்றையும் சொல்ல வேண்டும். தோட்டத்து மாரியம்மன் கோயில் குழல்விளக்கின் கீழே, வெளிர்நிறச் சிறகும் சிவந்த வயிறும் கொண்ட ஓர் அந்துப்பூச்சி அமர்ந்திருந்தது. நாங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அதன் வயிற்று நுனியிலிருந்து முடி அடர்ந்த நான்கு குழாய்கள் ஊதிப் பெருத்து, வயிற்றைவிட நீளமாக வளைந்து நின்றன. பூசாரி அதைக் கெட்ட சகுனம் என்றார். என் கணவர் கைப்பேசியை எடுப்பதற்குள் எல்லாம் உள்ளே சுருங்கிவிட்டன.

இணையத்தில் தமிழில் தேடினால் நிலக்கடலையைத் தின்னும் சிவப்புக் கம்பளிப்புழுவைப் பற்றிய பக்கங்களே வருகின்றன. படங்கள் எதுவும் ஒத்துப்போகவில்லை. இவை அனைத்தும் புலி அந்துப்பூச்சி வகையைச் சேர்ந்தவைதாமா? மாணவர்கள் இவற்றை வளர்த்துப் பார்க்கலாமா? வேலியோரம் முழுவதும் மருந்தடிக்கப்போவதாகத் தோட்டத்து மண்டோர் (வேலை மேற்பார்வையாளர்) சொல்லியிருப்பதால், பதில் விரைவில் கிடைத்தால் நல்லது.

பதில் 1: பழைய கண்டக்டர்

டீச்சருக்கு வணக்கம். முதலில் மண்டோரை நிறுத்தச் சொல்லுங்கள். நான் பல ஆண்டுகள் தோட்டங்களில் வெளிவேலைக் கண்டக்டராக, அதாவது கண்காணிப்பாளராக, இருந்தவன். ஆள்கணக்கு எடுக்கும் காலைப் பிரட்டில் யாராவது ‘புழு விழுந்துவிட்டது’ என்று சொன்னவுடன் மருந்துப் பீப்பாயைத் தேடி ஓடிய காலமும் எனக்கு உண்டு. செம்பனைக்கு உண்மையான பகைவர்கள் இரண்டு கூட்டத்தார். ஒன்று, இலைத்துண்டுகளால் பை கட்டி அதற்குள்ளேயே வாழும் உலாட் புங்குஸ். மற்றொன்று, நத்தையைப் போல வழுக்கி நகரும், முடிக்குப் பதிலாகக் கிளைத்த முட்கள் கொண்ட, தொட்டால் நெருப்புப் பட்டதைப் போல எரியும் பச்சைப் புழுக்கள். நீங்கள் சொன்னவற்றில் இந்த இரண்டும் இல்லை. 1950-களின் இறுதியிலும் 1960-களிலும் எல்லாப் பூச்சிகளையும் கொல்லும் மருந்துகளை அடித்த தோட்டங்களில்தான் உலாட் புங்குஸ் பெருகியது என்பதையும், அதன் இயற்கை எதிரிகள் மருந்தில் மடிந்ததே அதற்குக் காரணம் என்பதையும் பூச்சியியலாளர் பிரையன் உட் எடுத்துக்காட்டினார். இன்று தோட்டச் சாலையோரங்களில் மஞ்சள் பூப்பூக்கும் டர்னேரா செடியை நடுவது, அந்த எதிரிகளான குளவிகளுக்குத் தேன் கொடுப்பதற்காகத்தான்.

மாணவனின் கையைப் பற்றி ஒரு வார்த்தை. சாம்பலோ வேறெதுவோ, தேய்த்தால் முடி தோலுக்குள் இன்னும் ஆழமாகத்தான் இறங்கும். ஒட்டுநாடாவை மெதுவாக அழுத்தி எடுத்தால் முடிகள் அதோடு வந்துவிடும். பிறகு சோப்பும் தண்ணீரும் போதும். கண்ணில் பட்டிருந்தால் மட்டும் தாமதிக்காமல் கிளினிக்குக்கு அழைத்துச் செல்லுங்கள்.

புலி அந்துப்பூச்சி என்றால் எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். கோயில் ஆலமரத்தைச் சுற்றிப் பறக்கும்; பழுப்பு முன்சிறகு, ஆரஞ்சு நிறப் பின்சிறகில் கறுப்புப் புள்ளிகள். ஆங்கிலப் புத்தகங்களில் வெப்பமண்டலப் புலி அந்து என்றே பெயர் போட்டிருக்கிறார்கள். உங்கள் பூச்சியும் அதுவாக இருக்கலாம்.

பதில் 2: இரவுவிளக்கு

டீச்சருக்கும் ஐயாவுக்கும் வணக்கம். மருந்தைப் பற்றி ஐயா சொன்னதில் ஓர் எழுத்தைக்கூட மாற்ற வேண்டியதில்லை. ஆனால் ஆலமரத்துப் பூச்சியில் பெயர்தான் ஏமாற்றுகிறது. அது அசோட்டா காரிக்கே. ஆல், அத்தி இலைகளைத் தின்று வளரும் அது அகனைனே என்னும் துணைக்குடும்பத்தைச் சேர்ந்தது. புலி அந்துப்பூச்சிகளோ ஆர்க்டீனே என்னும் துணைக்குடும்பம். இரண்டும் எரெபிடே குடும்பத்துக்குள் இருப்பதால் பங்காளிகள் என்று வேண்டுமானால் சொல்லலாம். ஆர்க்டீனே என்ற பெயர் கரடியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. சிறகு முளைத்ததைப் புலியாகவும் அதன் புழுவைக் கரடியாகவும் கண்டவர்கள் மேலைநாட்டார். நமக்கோ புழுவைப் பார்த்ததும் கம்பளிதான் நினைவுக்கு வந்திருக்கிறது.

கம்பளிப்பூச்சி என்பது ஓர் இனத்தின் பெயரல்ல. முடியுள்ள புழு எதுவாயினும் அந்தப் பெயருக்குள் அடங்கிவிடுகிறது. தமிழ்நாட்டில் முருங்கை மரத்தை மொய்க்கும் கம்பளிப்பூச்சி கூடப் புலி அந்தின் புழு அன்று, அது வேறொரு குடும்பம். ஆகவே நிறத்தைப் பார்ப்பதைவிட முடி எப்படி நடப்பட்டிருக்கிறது என்று பார்ப்பதே சரியான வழி. புலி அந்துப்பூச்சியின் புழுவில் ஒவ்வொரு கண்டத்திலும், அதாவது உடல் வளையத்திலும், சிறு பருக்கள் வரிசையாக இருக்கும்; ஒவ்வொரு பருவிலிருந்தும் முடி விசிறியைப் போல நாலாபக்கமும் கிளம்புவதால் உடல் முழுவதும் சீராக மூடப்பட்டதாகத் தெரியும். வேகமாக ஓடுவதும் தொட்டால் சுருள்வதும் அவற்றின் பழக்கம். தூரிகைக் குச்சங்களும் கொம்புபோன்ற கற்றைகளும் இருந்தால் அது லைமான்ட்ரீனே என்ற கூட்டம். உறுதிப்படுத்த வேண்டுமானால் அதன் முதுகின் பின்பகுதியைப் பாருங்கள். வயிற்றின் ஆறாவது, ஏழாவது கண்டங்களின் நடுவில் சிவப்பாகவோ மஞ்சளாகவோ ஒவ்வொரு சிறு குமிழ் இருக்கும். புலி அந்தின் புழுவுக்கு அந்தக் குமிழ் கிடையாது. செம்பனை மட்டையில் இருந்தது இந்த இரண்டாவது கூட்டம்தான் என்பதில் எனக்கு ஐயமில்லை. அதை மாணவர்களிடம் கொடுக்க வேண்டாம்.

வள்ளிக்கொடியில் இருப்பது பெரும்பாலும் கிரியாட்டோனோட்டஸ் என்னும் புலி அந்துப்பூச்சிப் பேரினம். கோயிலில் நீங்கள் கண்டது ஐயத்துக்கு இடமின்றி அதன் ஆண். முன்சிறகு இளஞ்சிவப்பு கலந்த வெளிர்பழுப்பாக இருந்து, அதில் கறுப்புக் கீற்று நீளவாக்கில் ஓடியிருந்தால், 1763-இல் லின்னேயஸ் பெயரிட்ட கிரியாட்டோனோட்டஸ் கங்கிஸ் என்று கொள்ளலாம். அந்த நான்கு குழாய்கள் பெண்ணை அழைக்கும் வாசனையைப் பரப்பும் உறுப்புகள். பூசாரி அவர்கள் அஞ்ச வேண்டியதில்லை, அது திருமணத் தூதுதான். இதில் விந்தை என்னவென்றால், அக்குழாய்களின் அளவைப் புழுப் பருவத்துச் சாப்பாடு தீர்மானிக்கிறது. கிலுகிலுப்பை, தேள்கொடுக்கு போன்ற செடிகளில் பைரோலிசிடின் என்னும் நச்சுக்காரங்கள் உண்டு. புழுவாக இருந்தபோது அவற்றை நிறையத் தின்ற ஆணுக்கே பெரிய குழாய்களும் வாசனையும் வாய்க்கும் என்றும், தின்னாததற்குக் குழாய்கள் சிறுத்துப்போகும் என்றும் பாப்ரே, ஷ்னைடர் என்ற இருவர் 1985-இல் நிறுவினார்கள்.

நிலக்கடலைச் சிவப்புக் கம்பளிப்புழுவும் ஆர்க்டீனேதான். ஆனால் அது தென்னிந்திய மானாவாரி நிலங்களின் பூச்சி. மண்ணுக்குள் கூட்டுப்புழுவாகக் கிடந்து, மழை பெய்ததும் கூட்டமாக வெளிவருவது அதன் வழக்கம். இங்கே அதைத் தேட வேண்டாம். மாறாக, பழைய பால்மரக்காடு (ரப்பர் தோட்டம்) அருகில் இருந்தால் மரப்பட்டையைக் கவனியுங்கள். அங்குள்ள பாசியையும் கற்பாசியையும் மேயும் சியானா என்னும் சிறிய புலி அந்தின் புழு, தன் முடிகளைக் கொண்டே வலைக்கூண்டு கட்டி, அதன் நடுவில் கூட்டுப்புழுவாகத் தொங்கும். இதைவிட அழகான கட்டடத்தை நான் பார்த்ததில்லை.

வளர்ப்பதற்கு மைலோ டின் வேண்டாம், ஈரம் கோத்து இலை அழுகிவிடும். கண்ணாடிப் புட்டியின் வாயில் மெல்லிய துணியைக் கட்டி, எந்தச் செடியில் புழுவை எடுத்தீர்களோ அதே இலையைத் தினமும் மாற்றிக் கொடுங்கள். கையால் எடுக்காமல், இலையோடு கிள்ளி மாற்றுவது நல்லது. படத்தை மட்டும் வைத்துப் புழுவுக்குப் பெயர் வைப்பவர்கள் அடிக்கடி தவறுகிறார்கள், நானும் தவறியிருக்கிறேன். சிறகு முளைத்து வந்த பிறகுதான் பெயர் நிற்கும்.

மீண்டும்: பள்ளித்தோட்டம்

ஐயாவுக்கும் தம்பிக்கும் நன்றி. நிர்வாகத்தின் ஒப்புதலோடு மண்டோர் எங்கள் பக்கத்து வேலியை விட்டுவிட்டார். ஆறு புழுக்களை ஆறு புட்டிகளில் வளர்த்தோம். ஒன்று இறந்துவிட்டது. மற்ற ஐந்தும் தங்கள் முடியைக் கலந்து மெல்லிய கூடு பின்னி, கூட்டுப்புழுக்களாயின. அவற்றில் இரண்டிலிருந்து அந்துப்பூச்சிக்குப் பதிலாகச் சாம்பல்நிற ஈக்கள் வந்தபோது மாணவர்கள் மிகவும் வருந்தினார்கள். மற்ற மூன்றும் சிவந்த வயிறும் சிறகில் நீண்ட கறுப்புக் கீற்றும் கொண்ட கங்கிஸ் அந்துப்பூச்சிகளே. அவற்றில் ஓர் ஆண், மாலை மங்கிய வேளையில் புட்டிக்குள்ளேயே குழாய்களை வெளியே நீட்டியது. கோயிலில் கண்டதோடு ஒப்பிட்டால் அவை வெறும் மொட்டுகள். வயிற்றின் பாதி நீளம்கூட இல்லை. வள்ளி இலையை மட்டுமே தின்று வளர்ந்த பூச்சி அது. மறுநாள் கோயிலுக்குப் பின்னால் இருக்கும் கால்வாய்க் கரையைப் போய்ப் பார்த்தோம். தேள்கொடுக்குச் செடி அங்கே அடர்ந்து கிடக்கிறது. அடுத்த தொகுதியில் பாதிப் புழுக்களுக்கு அந்த இலையையும் சேர்த்துக் கொடுத்துப் பார்க்கலாமா என்று மாணவர்கள் கேட்கிறார்கள்.

பதில் 3: பழைய கண்டக்டர்

ஆலமரத்துப் பூச்சியைப் பற்றித் தம்பி திருத்தியதை ஏற்றுக்கொள்கிறேன். இத்தனை வருடமாகத் தவறான பெயரையே சொல்லி வந்திருக்கிறேன். டீச்சர், அந்த ஈக்களைக் கொல்லாமல் திறந்துவிடுங்கள். நாங்கள் டர்னேரா நட்டுக் காக்கும் குளவிகளைப் போல, புழுவுக்குள்ளேயே வளர்ந்து அதைக் கொல்லும் வேலையைத்தான் அவையும் செய்கின்றன.

பதில் 4: இரவுவிளக்கு

தாராளமாகச் செய்யலாம், டீச்சர். எந்தப் புட்டியில் எந்த இலை என்பதை முதல் நாளிலேயே எழுதி ஒட்டிவிடுங்கள். தேள்கொடுக்கு வயிற்றுக்குள் போனால் மனிதருக்குக் கல்லீரலைக் கெடுக்கக்கூடியது. ஆகவே இலை பறித்த கையைச் சோப்புப் போட்டுக் கழுவிய பிறகே மாணவர்களைச் சாப்பிட அனுப்புங்கள்.