ஈபி மெசேஜில் ஏமாந்தது பெரியப்பாவின் தப்பா?

மீட்டர் அட்டை:
போன வாரம் என் பெரியப்பாவுக்கு ஒரு மெசேஜ். போன மாத பில் அப்டேட் ஆகவில்லை, இன்றிரவு 9.30க்கு கரண்ட் கட், இந்த எண்ணில் பேசவும் என்று. பேசினார். அவன் சொன்ன ஆப்பை இறக்கி, சோதனைக்கென்று பத்து ரூபாய் கட்டினார். அவருடைய திரையை அங்கிருந்தே அவன் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறான். 38,000 ரூபாய் போச்சு.

தமிழ்நாட்டில் ரீடிங் எடுப்பதே இரண்டு மாதத்துக்கு ஒருமுறை. (மாதாமாதம் எடுப்போம் என்ற தேர்தல் வாக்குறுதி தனிக்கதை.) ‘போன மாத பில்’ என்பதே இடிக்கிறது. பணம் கட்டிய ரசீதும் சாமி அலமாரியில்தான் இருந்தது. வந்த தகவலைக் கையில் இருப்பதோடு ஒத்துப் பார்ப்பதைப் பள்ளிக்கூடத்திலேயே பழக்க வேண்டும் என்பது என் கட்சி.

கரிசல்காட்டான்:
பெரியப்பா விவரம் போதாமல் ஏமாறவில்லை சார், பயந்து ஏமாந்தார். போலீஸ் என்று சொல்லி வீடியோ காலில் மிரட்டிப் பணம் பறிக்கிறார்களே, அந்த டிஜிட்டல் அரெஸ்டும் இப்படித்தான்; நம் சட்டத்தில் அப்படி ஒன்றே கிடையாது. ஓய்வுபெற்ற அதிகாரிகளே அதில் மாட்டுகிறார்கள், படிக்காதவர்களா அவர்கள்? வயதானவர் கணக்கிலிருந்து திடீரென்று அவ்வளவு பணம் போனால் பேங்க்தான் நிறுத்திக் கேட்க வேண்டும்.

போளூர்க்காரன்:
பயந்தது ஒரு ஆளாக இருந்தால் பணத்தோடு போகும். 2018 மே மாதம் எங்கள் பக்கம் அத்திமூரில் ஊரே பயந்தது. குலதெய்வக் கோயிலைத் தேடி வந்த 65 வயது அம்மா, பிள்ளைகளுக்குச் சாக்லேட் கொடுத்தார். பிள்ளை பிடிக்கிறவர் என்று அடித்தே கொன்றுவிட்டார்கள். அந்தச் சமயம் வாட்ஸ்அப்பில் நாடு முழுக்கச் சுற்றிய வீடியோ ஒன்றில் பைக்கில் வந்த இருவர் குழந்தையைத் தூக்கிப் போவார்கள். அது குழந்தைக் கடத்தல் பற்றிக் கராச்சியில் எடுத்த விழிப்புணர்வுப் படம். கடைசியில் குழந்தையைத் திரும்ப இறக்கிவிட்டு விழிப்புணர்வு வாசகம் எழுதிய அட்டையைக் காட்டுவார்கள். அந்த இடத்தை மட்டும் வெட்டிவிட்டு அனுப்பினார்கள். இது எந்த ஊர் என்று கேட்ட ஆளைத்தான் காணோம்.

கரிசல்காட்டான்:
அப்புறம் என்ன ஆனது? அந்த ஜூலையில் வாட்ஸ்அப், ஒரு தடவைக்கு ஐந்து பேருக்கு மேல் ஃபார்வர்டு கூடாது என்று இந்தியாவில் கட்டுப்பாடு கொண்டுவந்தது. வகுப்பெடுத்தா வேகத்தைக் குறைத்தார்கள்?

மீட்டர் அட்டை:
ஐந்து ஐந்தாக அனுப்ப எங்கள் அத்தைக்குத் தெரியும்! சரி, பேங்க் மேலும் தப்பு உண்டு, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் சைபர் மோசடிப் புகாருக்கான உதவி எண் 1930க்கு உடனே கூப்பிட்டால் பணத்தை வழியிலேயே முடக்க வாய்ப்பு இருக்கிறது. அந்த எண் எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியவில்லை. மறுநாள் பக்கத்து வீட்டுக் கல்லூரிப் பெண் சொல்லித்தான் கூப்பிட்டோம்.

கரிசல்காட்டான்:
அந்தப் பெண்ணுக்கு யார் சொல்லிக்கொடுத்தது, பள்ளிக்கூடமா?

மீட்டர் அட்டை:
கேட்டேன். அவள் அப்பா போன வருடம் இதே மெசேஜில் ஏமாந்தாராம்.