மறு: ஸ்லாப்ஸ்டிக் – 'அடிதடி நகைச்சுவை' சரியா?

> 'அடிதடி நகைச்சுவை' என்றே வைத்துக்கொள்வோம், எல்லாருக்கும் புரியும்.

ஸ்லாப்ஸ்டிக் என்றால் விழுவது, மோதுவது, நனைவது என்று உடம்பு படும் பாட்டில் சிரிக்கவைக்கும் நகைச்சுவை; அதற்குத் தமிழ்ச் சொல் தேடுகிறோம். 'அடிதடி' புரியும்தான், ஆனால் வேறொன்றாகப் புரியும். அடிதடி என்றால் நமக்குக் கைகலப்பு, போலீஸ் கேஸ்.

சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்களின் தோட்டக்காரர் படத்தைப் பாருங்கள். 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் காசு வாங்கிக்கொண்டு காட்டிய பத்துப் படங்களில் ஒன்று. ஒரு நிமிடம்கூட ஓடாது. தோட்டக்காரர் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிட, என்ன ஆச்சு என்று இவர் குழாய் வாயை முகத்துக்கு நேரே பிடித்துப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். பீய்ச்சியடித்ததில் தொப்பி பறக்கிறது. அப்புறம் பையனைப் பிடித்து நாலு சாத்து சாத்துகிறார். அதற்குள் நாம் சிரித்து முடித்திருப்போம்.

சாப்ளினின் 'ஒன் ஏ.எம்.' (1916) படத்தில் 'அடிதடி' இன்னும் பொருந்தாது. குடித்துவிட்டு வீடு திரும்பியவன் மாடியேறிப் படுக்க வேண்டும், கதை அவ்வளவுதான். மாடிப்படி, தரைவிரிப்பு, கடிகாரப் பெண்டுலம், மடக்குக் கட்டில் எல்லாம் சேர்ந்து அவனைப் படுக்கவிடாமல் படுத்துகின்றன. ஆளே இல்லாத வீட்டில் யாரோடு அடிதடி?

மூலச்சொல்லிலும் அடி பெயருக்குத்தான். ஸ்லாப்ஸ்டிக் என்பது இத்தாலிய மேடைக் கோமாளிகளின் இரட்டைப் பட்டைக் குச்சி. தட்டினால் பட்டைகள் மோதிச் சத்தம் பெரிசாக வரும், வலி சொற்பம். (சத்தத்துக்குப் பேர்போன குச்சி ஊமைப் படங்களில் போய் ஒட்டிக்கொண்டது தனி வேடிக்கை.)

> 'சறுக்குநகை'?

இது பரவாயில்லை. 'யானைக்கும் அடி சறுக்கும்' என்பதில் வரும் அடியாவது இங்கே பொருந்தும். ஆனால் சறுக்க வழுக்குத் தரையே போதும். இடற ஒரு பொருள் வேண்டும், கல்லோ வாசற்படியோ. இந்தப் படங்களே மனிதனுக்கும் பொருளுக்கும் நடக்கிற மல்லுக்கட்டுதானே? அதனால் 'இடறுநகை' என்கிறேன். ஊறுகாய் மாதிரி வினைத்தொகை, முக்காலத்துக்கும் ஆகும்.

நகை என்றதும் நகைக்கடை ஞாபகம் வருகிறது என்பவர்களுக்கு: தொல்காப்பியம் எட்டு மெய்ப்பாடுகளில் (உடம்பில் வெளிப்படும் உணர்ச்சிகளில்) முதலில் வைத்ததே நகையைத்தான், அதாவது சிரிப்பைத்தான். அது பிறக்க எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்று நான்கு இடம் சொல்கிறது. பையனிடம் இளமை, குழாய்க்குள் எட்டிப் பார்த்தவரிடம் பேதைமை.

சரி, இன்னொன்று பாக்கி. படத்துக்குள் வரும் ஒவ்வொரு தனிச் சிரிப்புக்கும் ஒரு சொல் வேண்டும். ஆங்கிலத்தில் அது gag; 'கேக்' என்று எழுதினால் பேக்கரிக்குப் போய்விடும். 'இடறல்' ஆகுமா? 'ஒரு ரீலுக்கு எட்டு இடறல்' என்று சொல்லிப் பார்த்து எழுதுங்கள்.