ஃபெட்ச்: காற்று ஓட எவ்வளவு கடல் வேண்டும்?

மடல் 1: இராமநாதபுரத்திலிருந்து

குழுவினருக்கு வணக்கம். கடற்கரை ஊர்ப் பிள்ளைகளுக்காக அலை பற்றி ஒரு சிறு பாடம் எழுதிக்கொண்டிருக்கிறேன். அலை எவ்வளவு உயரும் என்பதற்கு மூன்று காரணம் சொல்ல வேண்டும். காற்றின் வேகம், காற்று விடாமல் வீசும் நேரம் என்ற இரண்டும் தடையில்லாமல் தமிழில் வந்துவிட்டன. மூன்றாவது மட்டும் குறுக்கே படுத்துக்கொண்டது: ஃபெட்ச். ஒரே திசைக் காற்று இடையில் கரையோ தீவோ குறுக்கிடாமல் நீர்ப்பரப்பின்மேல் எவ்வளவு தூரம் வீசி வருகிறதோ, அந்தத் தூரத்துக்குத்தான் இந்தப் பெயர். அகராதியைப் புரட்டினால் "போய் எடுத்துக்கொண்டு வா" என்கிறது. பந்தை எறிந்துவிட்டு நாயிடம் சொல்கிற சொல்லைக் கடலுக்கு எப்படிப் பொருத்துவது? யோசனை சொல்லுங்கள்.

மடல் 2: சென்னையிலிருந்து

அக்கா, கணினியில் இதே சொல் தினமும் புழங்குகிறது. நினைவகத்திலிருந்து கட்டளையை எடுத்து வருவதுதான் அங்கே ஃபெட்ச். அதற்கு நான் "கொணர்" என்று எழுதுகிறேன். அப்படியானால் கடலுக்குக் "கொணர்தொலைவு" என்று வைத்துவிடலாமே? ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு ஒரே தமிழ் வேர் என்று போனால் நம் கலைச்சொல் பட்டியலும் ஒழுங்காக இருக்கும்.

மடல் 3: பாம்பனிலிருந்து

தம்பி சொல்வது பட்டியலுக்கு நல்லது. பிள்ளைகளுக்கு ஆகாது. "வடகடலில் கொணர்தொலைவு குறைவு" என்று படிக்கும் எங்கள் ஊர்ப் பையன், யார் எதைக் கொண்டுவந்தார்கள் என்றுதான் கேட்பான்.

அந்தச் சொல்லின் சாதகத்தைக் கொஞ்சம் புரட்டிப் பார்த்தேன். பழைய ஆங்கிலத்தில் ஃபெக்கான் என்றொரு வினை. போய்க் கொண்டுவருதல் என்று பொருள். அதிலிருந்து கிளைத்தவை எங்கெங்கோ போய்க் குடியேறியிருக்கின்றன. ஏலத்தில் ஒரு கூடை நண்டு ஆயிரம் ரூபாய்க்குப் போனால், அந்த நண்டு ஆயிரம் ரூபாயை ஃபெட்ச் செய்தது என்பார்கள். அவர்களுக்குச் சரக்கு விலையைக் கொண்டுவருகிறது, நமக்குச் சரக்கே விலைக்குப் போகிறது. கண்ணை இழுக்கும் அழகு ஃபெட்சிங். இந்த இடத்தில் நம் மொழியும் அதே வழியில் நடந்திருப்பது வேடிக்கை. "எடுப்பான முகம்" என்கிறோமே, அதிலும் எடுத்தல்தானே இருக்கிறது? நம்ப முடியாத கதை என்றால் அது "தூரத்திலிருந்து கொண்டுவந்த" கதை. பாய்க்கப்பல்காரர்களுக்கு வேறொரு பொருள் உண்டு: பாயை மாற்றி மாற்றிக் கட்டாமல் ஒரே ஓட்டத்தில் குறித்த இடத்தைப் பிடித்துவிடுவது. இதெல்லாம் போதாதென்று, உயிரோடிருக்கும் ஓர் ஆளின் உருவம் அவர் இல்லாத இடத்தில் தென்பட்டால் அந்த ஆவியுருவுக்கும் அயர்லாந்துப் பக்கம் ஃபெட்ச் என்றே பெயர். எல்லாவற்றுக்கும் "கொணர்" என்று ஒரே வேரைக் கொடுத்தால் கணினியும் பேயும் அலையும் ஒரே வீட்டில் குடியிருக்க வேண்டியதுதான்.

சொல்லை விட்டுவிடுவோம். பொருளைப் பார்ப்போம். அதைப் பார்க்க எங்கள் ஊரைவிட நல்ல இடம் கிடையாது என்பது என் கட்சி.

ஆனி ஆடியில் மண்டபத்திலிருந்து பாம்பன் சாலைப் பாலத்தில் பேருந்தில் வருகிறவர்கள் சன்னலுக்கு வெளியே பாருங்கள். வலப்பக்கம் மன்னார் வளைகுடா, எங்களுக்குத் தென்கடல், வெள்ளை வெள்ளையாக நுரை கக்கிக்கொண்டிருக்கும். இடப்பக்கம் பாக் ஜலசந்தி, எங்களுக்கு வடகடல், கண்மாய்த் தண்ணீர்போலக் கிடக்கும். ஒன்றை ஆண்கடல் என்றும் மற்றதைப் பெண்கடல் என்றும் சொல்வது தனுஷ்கோடிக்கு வரும் சுற்றுலாக்காரர்கள்வரை தெரிந்த சேதி. ஆனால் கார்த்திகை மார்கழியில் அதே பாலத்தில் வந்து பார்த்தால் கதை மாறியிருக்கும். வாடை பிடித்துவிட்டால் பெண்கடல்தான் எழும்பும், ஆண்கடல் அடங்கிக் கிடக்கும். அந்த மாதங்களில் வருகிறவர்களிடம் ஆண், பெண் கதையை வழிகாட்டிகள் எப்படிச் சமாளிக்கிறார்கள் என்று ஒருநாள் நின்று கேட்க வேண்டும்.

பாலத்தின் இரண்டு பக்கமும் அடிப்பது ஒரே காற்று. பிறகு ஏன் ஒரு பக்கம் மட்டும் கொந்தளிக்கிறது? தென்மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்று பாலத்துக்கு வந்து சேரும்போது தென்கடல்மேல் நெடுந்தூரம் ஓடி வந்திருக்கிறது. பாலத்தைத் தாண்டி வடகடலில் இறங்கும்போது அதற்கு ஓட்டமே அப்போதுதான் தொடங்குகிறது. கரையோரத் தண்ணீரை அது தொட்டுவிட்டு ஓடும். அலை எழுப்ப அதற்கு அங்கே இடம் இல்லை. வாடைக்காற்றோ வங்காள விரிகுடாவிலிருந்து ஜலசந்தி வழியாக வருகிறது. அப்போது வடகடல்தான் அதன் பாதை, இராமேசுவரம் தீவுக்குத் தெற்கே இருப்பது அதற்கு மறைவு. இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன்: வடகடலின் ஆழம் பெரும்பாலும் 15 மீட்டருக்குள். அதனால் எவ்வளவு காற்றடித்தாலும் அங்கே ஓர் அளவுக்குமேல் அலையை வளர அடித்தரை விடாது. வடகடலோரத் தேவிபட்டினத்தில் நவபாஷாணக் கற்கள் ஒன்பதும் கடலுக்குள்ளேயே நிற்கின்றனவே, அவற்றைக் கொண்டுபோய் முழு வங்காள விரிகுடாவுக்கும் முகம் கொடுத்து நட்டிருந்தால் இன்று கும்பிட என்ன மிஞ்சியிருக்கும்?

இதை அளந்தும் பார்த்திருக்கிறார்கள். 1968, 1969 ஆண்டுகளில் ஜெர்மனியின் சில்ட் தீவிலிருந்து மேற்கே வடகடலுக்குள் (அது அவர்கள் ஊர் வடகடல்) 160 கி.மீ. நீளத்துக்கு வரிசையாகக் கருவிகளை வைத்து, கரையிலிருந்து காற்று வீசும் நாட்களில் அலை தூரத்துக்குத் தூரம் எப்படி வளர்கிறது என்று கணக்கெடுத்தார்கள். அந்த ஆய்வுக்கு ஜான்ஸ்வாப் என்று பெயர். ஆழமான நீரில், காற்று போதிய நேரம் வீசினால், தூரம் நான்கு மடங்கானால் அலை உயரம் இரண்டு மடங்கு என்று வருகிறது. மணிக்கு 36 கி.மீ. காற்றுக்கு 10 கி.மீ. கடல் கிடைத்தால் ஏறத்தாழ அரை மீட்டர் அலை. 100 கி.மீ. கிடைத்தால் ஒன்றரை மீட்டரைத் தாண்டும்.

என் சித்தப்பாவுக்கு ஜான்ஸ்வாப் தெரியாது. நாட்டுப்படகில் காலம் போனவர். அவரிடம் நேற்று கேட்டேன்: கச்சானுக்கு வடகடல் ஏன் எந்திரிக்க மாட்டேங்குது? வலையிலிருந்து கண் எடுக்காமல் சொன்னார்: "காத்து ஓட எடம் வேணும்லப்பா. எடங் கெடைச்சாத்தான கடலு எந்திரிக்கும்."

ஆக, "ஓட" என்ற வினை கரையிலேயே இருக்கிறது. பெயர்ச்சொல்தான் இல்லை. அதனால் என் பரிந்துரை: காற்றோடுதூரம். "காற்று வீச்சுத் தூரம்" என்று யாராவது கிளம்புவதற்கு முன் சொல்லிவிடுகிறேன், அலைப் பாடத்தில் "வீச்சு" ஏற்கெனவே வேறு வேலை பார்க்கிறது. அலை மேலும் கீழும் விலகும் அளவுக்குப் பாடநூலில் அதுதான் பெயர். ஒரே பக்கத்தில் இரண்டு வீச்சு வந்தால் ஆசிரியருக்கே தலை சுற்றும்.

கரைச் சொல்லைக் கலைச்சொல்லாக்கினால் தரம் குறைந்துவிடும் என்று அஞ்சுகிறவர்களுக்கு ஒன்று. காற்றே இல்லாத நாளில் திருடன்போல வந்து ஏறும் கடலுக்குக் கேரளத்து மீனவர்கள் வைத்த பெயர் "கள்ளக்கடல்". 2012இல் யுனெஸ்கோ அதை அறிவியல் சொல்லாக ஏற்றுக்கொண்டது. இன்று ஐதராபாத்தில் உள்ள கடல் தகவல் மையத்திலிருந்து எங்கள் கரைக்கு எச்சரிக்கை வரும்போதும் அதே பெயரில்தான் வருகிறது.

மடல் 4: தொண்டியிலிருந்து

பாம்பன் தம்பிக்கு. விளக்கம் நன்று, சொல் நன்றன்று. "காற்றோடு" என்று எழுதியதும் படிக்கிறவன் மனம் மூன்றாம் வேற்றுமைக்குப் போய்விடும். காற்றோடு போயிற்று, காற்றோடு கலந்தது என்பதுபோல. காற்று ஓடுகின்ற தூரம் என்று பிரித்துக் காட்ட ஒவ்வொரு முறையும் ஓர் இலக்கண ஆசிரியன் பக்கத்தில் நிற்க முடியுமா? "வளியோடுதொலைவு" என்று தூய்மைப்படுத்தினாலும் அதே நோய். "காற்றோட்டத் தூரம்" என்றால் வீட்டுச் சன்னல் வந்துவிடும். முப்பது வருடம் விடைத்தாள் திருத்தியவன் சொல்கிறேன், பிள்ளைகள் எங்கே வழுக்குவார்கள் என்று எனக்குத் தெரியும்.

மடல் 5: திருவாடானைப் பக்கத்திலிருந்து

நான் கடலைச் சேர்ந்தவள் இல்லை, நெல் வயல்காரி. இந்தக் குழுவில் பெரும்பாலும் படித்துவிட்டுப் போய்விடுவேன். பாம்பன் தம்பி எழுதியதைப் படிக்கும்போது எங்கள் அப்பா ஏர் ஓட்டியது நினைவுக்கு வந்தது. ஏர் ஒரு தலைமாட்டில் இறங்கி மறு வரப்புவரை திரும்பாமல் போவது ஒரு சால். நீளமான வயலைப் பார்த்தால் "சால் நல்லா ஓடும்" என்பார். குறுக்கே வரப்பு வந்தால் சால் அங்கேயே அறுந்துவிடும், அந்தப் பக்கம் புதிதாகத்தான் பிடிக்க வேண்டும்.

காற்றும் கடலை உழத்தானே செய்கிறது? "காற்றுச்சால்" என்றால் என்ன? கரையும் தீவும் வரப்பு. பாம்பன் பாலத்தில் நடப்பது எனக்கு இப்படித்தான் புரிந்தது: தென்கடலில் நீளச் சால், இராமேசுவரம் தீவு ஒரு வரப்பு, வடகடலில் சால் மறுபடி முதலிலிருந்து.

மடல் 6: சென்னையிலிருந்து

அக்கா, நன்றாக இருக்கிறது. ஆனால் சால் என்றால் தண்ணீர் ஊற்றி வைக்கும் பெரிய பானையும் அல்லவா? என் பாட்டி வீட்டில் இருந்தது.

மடல் 7: தொண்டியிலிருந்து

பானையைப் பற்றிக் கவலை வேண்டாம் தம்பி. ஃபெட்சுக்குப் பேய் என்றொரு பொருள் இருந்தும் ஆங்கிலேயக் கடலறிஞன் பயந்து ஓடிவிடவில்லை. "காற்று" முன்னால் நிற்கும்போது யாரும் பானையைத் தேட மாட்டார்கள். எனக்குச் சம்மதம். இன்னொரு வசதியும் உண்டு: காற்றுச்சால் நீளம், நெடுஞ்சால், குறுஞ்சால், சாலறுப்பு என்று குட்டி போடும். கொணர்தொலைவு குட்டி போடாது.

மடல் 8: கீழக்கரையிலிருந்து

சொல் சரி. பாடத்தில் ஒரு பிழை நுழையாமல் பார்த்துக்கொள்ளுங்கள். தென்கடலில் வரும் அலையெல்லாம் அங்கேயே உள்ள காற்றுச்சாலின் விளைச்சல் என்று எழுதிவிட வேண்டாம். மன்னார் வளைகுடாவின் தெற்கு வாய் இந்தியப் பெருங்கடலுக்குத் திறந்து கிடக்கிறது. அங்கே தென்கோடியில் புயல் உழுத சாலில் பிறந்த அலை, அந்தக் காற்றை விட்டுப் பிரிந்து, சில நாள் பயணம் செய்து நம் கரைக்கு வருகிறது. கள்ளக்கடல் அதுதான். நம் ஊரில் இலை அசையாது, கட்டிவைத்த படகு மட்டும் ஆடும். அந்த அலைக்குச் சால் இங்கே இல்லை, ஆயிரக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பால். வடகடலுக்கு இந்தத் தொல்லை அவ்வளவாகக் கிடையாது. தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னார்வரை கிடக்கும் மணல்திட்டுகள் தெற்கிலிருந்து வருவதை வாங்கிக்கொள்கின்றன. காற்று இருக்கும் இடத்திலேயே எழும் அலை வேறு, காற்றைவிட்டு வந்த அலை வேறு. பின்னதற்கும் ஒரு நல்ல பெயர் வேண்டும், ஆனால் அது தனி இழை.

மடல் 9: இராமநாதபுரத்திலிருந்து

எல்லாருக்கும் நன்றி. பாடத்தில் இப்படி எழுதியிருக்கிறேன், சோதித்துச் சொல்லுங்கள்: "காற்று தடையில்லாமல் கடல்மேல் ஓடும் தூரம் காற்றுச்சால். ஏர்ச்சாலை வரப்பு அறுப்பதுபோலக் காற்றுச்சாலைக் கரையும் தீவும் அறுக்கும். சால் நீள நீள அலை உயரும்." பாம்பன் தம்பி, இதை உங்கள் சித்தப்பாவிடம் வாசித்துக் காட்ட முடியுமா? ஏர் பிடிக்காத ஆளுக்கும் புரிகிறதா என்று தெரிய வேண்டும்.

மடல் 10: பாம்பனிலிருந்து

அக்கா, இன்று காலை வாசித்துக் காட்டினேன். குந்துகால் பக்கம் படகை ஏற்றிவிட்டு வந்து உட்கார்ந்திருந்தார். மூன்று வாக்கியத்தையும் கேட்டார். "இன்னொரு தரம் வாசி" என்றார். வாசித்தேன்.

"சாலுங்குறது சரிதான். நம்ம ஆத்தா ஊருல உழவுதான, தெரியும்" என்றார். பிறகு கொஞ்ச நேரம் கடலைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "நம்ம வீட்டு வாசல்ல எத்தனை கிலோமீட்டர்னு எழுதிருக்கா அந்தம்மா?" என்று கேட்டார். அதை எழுதவில்லை, தூரத்தை வரைபடத்தில் அளந்து ஒவ்வோர் ஊருக்கும் ஓர் எண் போடலாம் என்று சொன்னேன்.

"ஒரு எண்ணா? அது எப்பிடி? எந்தக் காத்துக்கு? வாடைக்கா, கச்சானுக்கா, கொண்டலுக்கா?"

அக்கா, வரையறையில் "குறிப்பிட்ட ஒரு திசையில்" என்பதை விட்டுவிட்டோம். சேர்த்துவிடுங்கள்.