பிரிட்டிஷ் மியூசியத்துல இருக்கறத திருப்பிக் குடுக்கணும்னா யாரு முடிவு பண்ணணும்?

வெயிலான்:
போன மாசம் லண்டன் போனப்ப பிரிட்டிஷ் மியூசியத்துல ஒரு நாள் முழுக்க இருந்தேன். உள்ள போக காசு இல்ல, அது ரொம்ப பிடிச்சுது, ஸ்கூல் பசங்க தரையில உக்காந்து நோட்டுல வரைஞ்சுட்டு இருந்தாங்க. அப்புறம் ஆந்திராவுல அமராவதி புத்த ஸ்தூபத்துல இருந்து எடுத்த கல்லு சிற்பங்க இருக்கற அமராவதி ரூமுக்குப் போனேன். ஒரு பலகையில காலி சிம்மாசனம், கீழ ரெண்டு பாதம், சுத்தி கும்பிடுற ஆளுங்க, புத்தர் உருவமே இல்ல, ஆனா அவர் அங்க உக்காந்திருக்க மாதிரியே இருந்துச்சு. இதெல்லாம் 1859ல மெட்ராஸ்ல இருந்து கப்பல்ல போனதுன்னதும் மனசு என்னமோ பண்ணிருச்சு. யார் திருப்பிக் கேட்டாலும் "சட்டம் இடம் குடுக்கல"ன்றாங்களே, அது நெஜமா இல்ல சாக்கா?

ராவுத்தன்பட்டி குமார்:
சட்டம் நெஜம்தாங்க. 1963ல போட்ட பிரிட்டிஷ் மியூசியம் ஆக்ட். மியூசியத்தை நிர்வாகம் பண்ற டிரஸ்டிங்க மொத்தம் 25 பேர், அதுல 15 பேரை பிரதமர் போடுவாரு, ஒருத்தரை அரசர், 4 பேரு அறிஞர் சங்கங்க சொல்ற ஆளுங்க, மிச்சம் 5 பேரை டிரஸ்டிங்களே சேத்துப்பாங்க. பணம் அரசாங்கம் குடுக்கும், ஆனா எதை வாங்கணும் எதை வெக்கணும்ல தலையிடக் கூடாது, இது நல்ல ஏற்பாடுதான். சிக்கல் எங்கன்னா ஒரே மாதிரி ரெண்டு இருந்தாலோ, வெச்சிருக்கவே தகுதியில்லன்னாலோ, இப்படி ஒண்ரெண்டு காரணத்துக்குத்தான் ஒரு பொருளை வெளிய விட முடியும். நாஜிங்க ஒரு யூத குடும்பத்துகிட்ட பிடுங்கி, பின்னாடி இந்த மியூசியத்துக்கு வந்து சேந்த 4 ஓவியங்களைத் திருப்பிக் குடுக்கலாமான்னு 2005ல கோர்ட்டுக்குப் போச்சு, தார்மீகக் கடமைன்னு சொல்லி சட்டத்தைத் தாண்ட முடியாதுன்னு தீர்ப்பு. அப்புறம் 2009ல பார்லிமென்ட்டே நாஜி காலப் பொருளுக்கு மட்டும் தனிச் சட்டம் போட்டுச்சு. அப்ப மனசு வெச்சா முடியும்ல? மத்த நேரம் அரசாங்கத்தைக் கேட்டா டிரஸ்டிங்க முடிவுன்னுவாங்க, டிரஸ்டிங்களைக் கேட்டா சட்டம்னுவாங்க.

கும்பகோணத்துக்காரி:
இதே இங்கிலாந்துல ஆக்ஸ்ஃபோர்டு ஆஷ்மோலியன் மியூசியத்தைப் பாருங்க. அது யுனிவர்சிட்டியோடது, அந்த ஆக்ட் அதைக் கட்டுப்படுத்தாது. எங்க ஊர் பக்கம் சுந்தரப்பெருமாள்கோவில்ல இருந்து போன திருமங்கையாழ்வார் சிலை அங்க இருந்துச்சு, 1967ல ஏலத்துல வாங்கினது. பாண்டிச்சேரி ஃப்ரெஞ்ச் இன்ஸ்டிட்யூட்ல 1957ல கோயில்ல எடுத்த போட்டோ இருந்ததால மாட்டுச்சு, 2024ல திருப்பித் தர யுனிவர்சிட்டி கவுன்சில் ஒத்துக்கிச்சு. அதே வருஷம் கானாவுல இருந்து கொள்ளையடிச்ச அசாந்தே தங்க நகைங்கள பிரிட்டிஷ் மியூசியம் கடனாத்தான் அனுப்புச்சு. நம்ம வீட்டு நகைய நாமளே இரவல் வாங்கிப் போட்டுக்கணுமா, எனக்கு வயிறு எரியுது.

எழும்பூர்வாசி:
"எங்ககிட்டதான் பத்திரமா இருக்கும்"னு சொல்றது இன்னும் கோவம் வருது. 2023ல சுமார் 2000 பொருள் காணாம போனதாவும் சேதமானதாவும் அவங்களே ஒத்துக்கிட்டாங்க, பாதிக்கு மேல சரியா பதிவே பண்ணாத சின்னச் சின்ன கல்லு, நகை. 2021லயே வெளிய இருந்து ஒரு வியாபாரி இன்டர்நெட்ல விக்கிறாங்கன்னு எச்சரிச்சும் கேக்கல, கடைசியில டைரக்டர் பதவிய விட்டாரு. பதிவேடு சரியா வெக்கறதுதான் முதல் பொறுப்பு. அதுக்காக நம்ம பக்கம் எல்லாம் ஒழுங்குன்னு சொல்ல வரல. எழும்பூர் மியூசியத்துலயும் அமராவதி கல்லுங்க நிறைய இருக்கு, புத்தரைக் கொல்ல ஏவிவிட்ட நளகிரி யானை தெருவுல வெறி புடிச்சு ஓடி அப்புறம் புத்தர் காலடியில மண்டி போடுற அந்த வட்டப் பலகை, ஜன்னல்ல இருந்து எட்டிப் பாக்கற பொம்பளைங்க முகம் வரைக்கும் செதுக்கியிருப்பாங்க, அவ்வளவு உசுரு. நான் நின்ன அரை மணி நேரத்துல பக்கத்துல ஒருத்தர் கூட நிக்கல.

வெயிலான்:
ரொம்ப நன்றிங்க எல்லாருக்கும். அடுத்த லீவுக்கு பொண்ண எழும்பூர் கூட்டிட்டுப் போறேன், அவளும் வரையட்டும். அந்த யானை எந்தக் கட்டடத்துலன்னு சொல்லுங்களேன்?