‘வாலடைல்’ என்பதைத் தமிழில் எப்படி எழுதுவது?

நண்பர்களே, கணினிப் பாடம் ஒன்றைத் தமிழாக்கி வருகிறேன். ‘வாலடைல்’ (volatile) என்ற ஆங்கிலப் பெயரடையில் நான்கு நாளாகச் சிக்கி நிற்கிறேன். வேதியியலில் தொல்லையில்லை: விரலில் பட்ட அசிட்டோன் துளி துடைப்பதற்குள் மறைந்துவிடுகிறது, ‘எளிதில் ஆவியாகும்’ போதும். பங்குச் சந்தைக்கு ‘ஏற்ற இறக்கம் மிகுந்த’. ஆனால் கணினியின் தற்காலிக நினைவகமான ரேமை ‘அழியும் நினைவகம்’ என்றால் நினைவகமே அழிவதாகத் தொனிக்கிறது. மின்சாரம் நின்றதும் அழிவது அதிலுள்ள தரவுதானே! ‘நிலையா நினைவகம்’ எனக்குப் பிடித்திருக்கிறது.

சி நிரல்மொழியில்தான் பெரிய குழப்பம். அங்கே இச்சொல், மாறியின் மதிப்பு நிரலுக்கு வெளியிலிருந்தும் மாறலாம், ஒவ்வொரு முறையும் நினைவகத்திலிருந்தே படி என்று, நிரலை இயந்திர மொழிக்கு மாற்றும் கம்பைலருக்கு உணர்த்துகிறது. ‘நிலையா’ அங்கும் பொருந்துமா? வகுப்பில் கற்பிப்பவர்கள் என்ன சொல்கிறீர்கள்? எடுத்துக்காட்டு வாக்கியத்தோடு எழுதுங்கள், பெரிய உதவியாக இருக்கும்.