சார்ஜ் ஏறுகிறது, ஆனால் கார்த் திரையில் ஆண்ட்ராய்டு ஆட்டோ வரவில்லை

கேள்வி:
போன் ஆண்ட்ராய்டு 13. கேபிள் செருகினால் சார்ஜ் மட்டும் ஏறுகிறது, போனின் மேப்பையும் பாட்டையும் கார்த் திரையில் காட்டும் ஆண்ட்ராய்டு ஆட்டோ வரவில்லை. ப்ளூடூத்தில் பாட்டும் அழைப்பும் சரியாக இருக்கின்றன. எங்கிருந்து பார்ப்பது?

பதில் 1:
முதலில் கேபிள்தான் சார். சார்ஜ் ஏற இரண்டு கம்பி போதும், ஆண்ட்ராய்டு ஆட்டோவுக்கு டேட்டா கம்பிகளும் வேண்டும். மலிவான கேபிள் பலவற்றில் அவை இருக்காது. அதே கேபிளில் போனைக் கம்ப்யூட்டரில் இணைத்து, 'ஃபைல் டிரான்ஸ்ஃபர்' கொடுத்துப் பாருங்கள். போனில் உள்ள போட்டோக்கள் தெரியவில்லை என்றால் கேபிளை மாற்றிவிடுங்கள். ஒரு மீட்டருக்கு மேல் நீளம் வேண்டாம், நடுவில் ஹப்பும் (ஒரு போர்ட்டைப் பலவாக்கும் பெட்டி) கூடாது.

பதில் 2:
காரில் கேபிள் செருகும் போர்ட்டையும் பாருங்கள். இரண்டு யூஎஸ்பி இருந்தாலும் பல கார்களில் ஒன்றில்தான் டேட்டா போகும். பின்சீட்டில் இருப்பவை பெரும்பாலும் சார்ஜுக்கு மட்டும். போனின் சார்ஜ் துளையில் பஞ்சு அடைந்திருந்தாலும் பிளக் முழுதாக உட்காராது. போனை அணைத்துவிட்டு மரப் பல்குச்சியால் மெதுவாக எடுங்கள். ஊசி வேண்டவே வேண்டாம், உள்ளே இருக்கும் பின்கள் போய்விடும்.

பதில் 3:
இரண்டும் சரியென்றால் பழைய இணைப்பை அழியுங்கள். போன் செட்டிங்ஸில் 'ஆண்ட்ராய்டு ஆட்டோ' என்று தேடித் திறந்து, முன்பு இணைத்த கார்கள் எல்லாவற்றையும் நீக்குங்கள். கார்த் திரையிலும் போனின் பெயரை நீக்க வேண்டும், பலர் இதை விட்டுவிடுகிறார்கள். பிறகு வண்டி நிற்கும்போது, போன் லாக் திறந்த நிலையில் கேபிளைச் செருகி, கேட்கும் அனுமதிகளைக் கொடுங்கள்.

கேட்டவர்:
வயர்லெஸ்ஸில் போடலாமா?

பதில் 1:
காரின் திரை யூனிட்டில் அந்த வசதி இருந்தால் போடலாம். ப்ளூடூத் இணைப்பைத் தொடங்கி வைக்கும், படமும் ஒலியும் 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில்தான் போகும். அதனால் போனில் வைஃபை ஆனில் இருக்கட்டும்.