நாபி சுத்தி

குழு: அஞ்செட்டி வீட்டுச் சொந்தங்கள்
ஞாயிறு, காலை 7:12

சுமதி அத்தை: பரணைச் சுத்தம் செய்தேன். தாத்தாவின் மருந்து நோட்டு கிடைத்தது. பாதியைக் கரையான் தின்றுவிட்டது. மீதியைத் தட்டி எடுத்தேன். கூடவே ஒரு தகர டப்பாவும் இருந்தது.

சுமதி அத்தை: [படம்]

முருகேசன் சித்தப்பா: தாத்தா எழுத்தா, கோழி நடந்த தடமா அக்கா?

பவித்ரா: அத்தை, பாப்பா இரவு முழுவதும் தூங்கவில்லை. வயிறு கல்லாக இருக்கிறது. காலை மடக்கி மடக்கி அழுகிறாள். கொள்ளுத்தாத்தா நோட்டில் குழந்தை வயிற்றுக்கு ஏதாவது இருக்கிறதா பாருங்களேன்.

முருகேசன் சித்தப்பா: இருக்கிறது பவி. மேலிருந்து 3ஆவது வரியைப் பார். "நாபி சுத்தி பத்துப் போட நோவு தீரும்." நாபி என்றால் தொப்புள். தாத்தா பேசுகிற மாதிரியேதான் எழுதுவார். தொப்புளைச் சுற்றிப் பற்றுப் போடச் சொல்கிறார். பெருங்காயத்தைக் குழைத்துத் தடவுவார்களே, அதுதான்.

பவித்ரா: ஆனால் பெருங்காயம் என்று எழுதவில்லையே சித்தப்பா. எதை அரைத்துப் பற்றுப் போடுவது?

சுமதி அத்தை: டப்பாவில் காய்ந்த கிழங்கு நாலைந்து கிடக்கிறது. மேலே காகிதம் ஒட்டி "நாபி" என்று எழுதியிருக்கிறார். தொப்புளுக்குப் போடுகிற மருந்து என்றுதான் அப்படி எழுதியிருப்பார். கார்த்திக் மதியம் ஓசூருக்குத் திரும்புகிறான், தேன்கனிக்கோட்டை வழியாகத்தானே போகவேண்டும்? கொடுத்தனுப்பவா?

கார்த்திக்: கொடுங்கள் அத்தை, நான் இறங்கிக் கொடுத்துவிட்டுப் போகிறேன்.

இராமமூர்த்தி பெரியப்பா: வேண்டாம்

இராமமூர்த்தி பெரியப்பா: யாரும் அந்த டப்பாவைத் தொடாதீர்கள்

இராமமூர்த்தி பெரியப்பா: சுமதி, தொலைபேசியை எடு. நான்கு முறை அழைத்துவிட்டேன்.

சுமதி அத்தை: குழாயடியில் இருந்தேன் அண்ணா. என்ன ஆயிற்று?

இராமமூர்த்தி பெரியப்பா: கிழங்கைக் கையால் எடுத்தாயா?

சுமதி அத்தை: ஒன்றை எடுத்து முகர்ந்து பார்த்தேன். வாசனை ஒன்றும் இல்லை.

இராமமூர்த்தி பெரியப்பா: முதலில் சோப்புப் போட்டுக் கையைக் கழுவு. பிறகு வந்து படி. பவித்ரா, குழந்தைக்கு எதையும் தடவாதே, கொடுக்காதே. மருத்துவரிடம் எடுத்துப் போ.

பவித்ரா: பயமாக இருக்கிறது பெரியப்பா. கிளம்புகிறோம்.

முருகேசன் சித்தப்பா: அண்ணா, தொப்புளைச் சுற்றிப் பற்றுப் போடுவது எல்லா வீட்டிலும் செய்வதுதானே? எதற்கு இப்படிப் பதறுகிறீர்கள்?

இராமமூர்த்தி பெரியப்பா: அந்த வரியில் தொப்புளும் இல்லை, சுற்றுவதும் இல்லை. நாபி என்பது ஒரு விஷக் கிழங்கின் பெயர். முழுப்பெயர் வச்சநாபி. வசநாபி என்றும் எழுதுவார்கள். சுத்தி என்றால் சுற்றி அல்ல, சுத்தம் செய்வது. கடுஞ்சரக்கு எதையும் மருந்தில் சேர்க்குமுன் அதன் வேகத்தைத் தணிக்கும் முறைக்கு வைத்தியர்கள் சொல்கிற பெயர் அது. "நாபியைச் சுத்தி செய்து பற்றுப் போட்டால் நோவு தீரும்" என்று எழுதியிருக்கிறார். அந்த நோவு பெரியவர்களின் மூட்டு நோவு. மூன்று மாதக் குழந்தையின் வயிறு அல்ல.

முருகேசன் சித்தப்பா: அது எப்படி அவ்வளவு உறுதியாகச் சொல்கிறீர்கள்? நான் படித்தது போலவும் படிக்கலாமே.

இராமமூர்த்தி பெரியப்பா: அடுத்த வரியைப் படித்தாயா?

முருகேசன் சித்தப்பா: கரையான் தின்ற இடம்.

இராமமூர்த்தி பெரியப்பா: பெரிதாக்கிப் பார். "கோமியத்தில் 3 நாள் ஊறப்போட்டு தினம் மாற்றி வெயிலில்" வரைக்கும் தெரிகிறது. முருகேசா, தொப்புளை யாராவது மூன்று நாள் கோமியத்தில் ஊறப்போடுவார்களா?

கார்த்திக்: 😂😂

முருகேசன் சித்தப்பா: தோற்றேன். தாத்தா பேச்சுவழக்கில் எழுதுவார் என்று நினைத்தது என் தவறு.

இராமமூர்த்தி பெரியப்பா: உன் தவறு பாதிதான். நாபிக்குத் தொப்புள் என்ற பொருள் உண்டு. பத்மநாபன் என்ற பெயரே அப்படி வந்ததுதான். நாவி என்று வகரம் போட்டால் கஸ்தூரி, புனுகு வரை போகும். விஷத்தின் பெயரும் தொப்புளில் இருந்துதான் பிறந்தது. வடமொழியில் வத்ஸநாபம். வத்ஸம் என்றால் கன்றுக்குட்டி. கிழங்கு கன்றின் தொப்புள் மாதிரி இருக்கும் என்று அந்தப் பெயர். மத்ஸ்யம் தமிழில் மச்சம் ஆனது போல வத்ஸம் வச்சம் ஆயிற்று. சென்னைப் பல்கலைக்கழகப் பேரகராதியில் வச்சநாபி என்றே பார்க்கலாம். வைத்தியர்கள் தலையை வெட்டி வெறும் நாபி ஆக்கிவிட்டார்கள். வசநாபி என்று கேட்டவர்கள் விஷநாபி என்று தாமாகத் திருத்திக்கொண்டார்கள். கொல்லும் சரக்குக்கு இப்படிப் பால்மணம் மாறாத பெயர்!

கார்த்திக்: பெரியப்பா, கன்று பிறந்து நாலு நாளில் தொப்புள்கொடி கறுத்துச் சுருங்கித் தொங்குமே, அதையா சொல்கிறார்கள்?

இராமமூர்த்தி பெரியப்பா: மாட்டுத்தொழுவத்தில் வளர்ந்தவன் பேசுகிறான். எனக்கும் அதுதான் தோன்றும். காய்ந்த நாபிக் கிழங்கு விரல் நீளத்தில், ஒரு பக்கம் பருத்து மறுபக்கம் கூம்பி, கறுத்துச் சுருங்கி இருக்கும். முன்பு நாட்டு மருந்துக் கடையில் தனி டப்பாவில் பூட்டி வைத்திருந்ததைப் பார்த்திருக்கிறேன். நம் மலையில் அது முளைக்காது. இமயமலைக் குளிரில் வளர்வது. அந்தப் பக்கத்து வேட்டைக்காரர்கள் அம்பு நுனியில் தடவியது இதைத்தான்.

கார்த்திக்: தேடிப் பார்த்தேன். உதடும் நாக்கும் முதலில் மரத்துப்போகுமாம், பிறகு இதயத்துடிப்பு தாறுமாறாகுமாம். முறிமருந்து என்று தனியாக ஒன்றும் இல்லையாம். ஐயோ, நான்தான் எடுத்துப்போக இருந்தேன்.

கார்த்திக்: பெரியப்பா, அதே தாளில் கீழே "அதிவிடயம்" என்றும் இருக்கிறது! விடம் என்றால் விஷம்தானே? பவியின் மாமியார் உரைமருந்தில் அதிவிடயம் சேர்ப்பார்களே!

இராமமூர்த்தி பெரியப்பா: அது நாபிக்குச் சொந்தக்காரச் செடிதான், ஒரே குலம். ஆனால் நாபியில் இருக்கிற கொல்லும் சத்து அதில் இல்லை. விஷத்தை மிஞ்சியது என்று அதற்குப் பொருள் சொல்வார்கள். பெயரில் விஷத்தை வைத்துக்கொண்டு அது பிள்ளை மருந்தில் நிற்கிறது. கன்றுக்குட்டியைப் பெயரில் வைத்துக்கொண்டவன் ஆளைக் கொல்கிறான். என்ன நியாயமோ!

இந்தச் செய்தி நீக்கப்பட்டது

முருகேசன் சித்தப்பா: அண்ணியைப் பற்றி ஒரு நகைச்சுவை போட்டேன். அவரும் குழுவில் இருப்பது பிறகுதான் நினைவு வந்தது.

லட்சுமி: பெரிய மாமா, நடுவில் ஒன்று சொல்லலாமா? நாபி இமயமலைச் சரக்கு என்கிறீர்கள். அஞ்செட்டியில் இருந்த தாத்தாவிடம் அது எப்படி வந்தது?

இராமமூர்த்தி பெரியப்பா: கடையில் வாங்கியிருப்பார் அம்மா.

லட்சுமி: எங்கள் வீட்டில் தெலுங்கு பேசுவோம். என் பாட்டி வேலியில் பூக்கும் செங்காந்தளை "அடவி நாபி" என்பார்கள். அடவி என்றால் காடு. பசு வாய் வைத்துவிடும் என்று என்னை விட்டுப் பிடுங்கச் சொல்வார்கள். தாத்தாவுக்கும் தெலுங்கு தெரியும் அல்லவா? அவர் எழுதிய நாபி அந்த நாபியாக இருக்கலாமே.

இராமமூர்த்தி பெரியப்பா: 😮

இராமமூர்த்தி பெரியப்பா: லட்சுமி, முப்பத்தைந்து வருடம் தமிழ் நடத்தியவனுக்கு இது தோன்றவில்லை பார். சுமதி, டப்பாவைத் தொடாமல் மேலிருந்து ஒரு படம் எடுத்துப் போடு.

சுமதி அத்தை: [படம்]

சுமதி அத்தை: குச்சியால் தள்ளித்தான் எடுத்தேன்.

இராமமூர்த்தி பெரியப்பா: பெரிய கிழங்கைப் பாருங்கள். இரண்டு கையாகப் பிரிந்து கவை போல் வளைந்திருக்கிறது. ஏர்க் கலப்பை மாதிரி. அதனால்தான் அதற்குக் கலப்பைக்கிழங்கு என்று பெயர். நாபிக்கு இந்தக் கவை வராது. லட்சுமி சொன்னதுதான் சரி. இது செங்காந்தள் கிழங்கு. நோட்டில் இருப்பது எந்த நாபி என்பது வேறு கேள்வி. டப்பாவில் இருப்பது அடவி நாபி.

முருகேசன் சித்தப்பா: அப்பாடா. நம் மாநில மலர்தானே. என் மாந்தோப்பு வேலியில் கார்த்திகை மாதம் தீ பிடித்தது போல் பூத்துக் கிடக்கும்.

இராமமூர்த்தி பெரியப்பா: அப்பாடா போடாதே. மாநில மலர் என்பதால் விஷம் குறைந்துவிடாது. பூ, விதை, கிழங்கு எல்லாவற்றிலும் கோல்சிசின் என்ற நச்சுச் சத்து இருக்கிறது. கௌட் என்கிற மூட்டுவலிக்கு மருத்துவர்கள் கொடுக்கிற மாத்திரையில் இருப்பதும் அதே சத்துதான், அவர்கள் நிறுத்து அளந்து கொடுக்கிறார்கள். வள்ளிக்கிழங்கு என்று நினைத்து அவித்துத் தின்று உயிரை விட்டவர்கள் உண்டு. முதலில் வாந்தி, பேதி. ஏதோ ஒவ்வாமை என்று விட்டுவிட்டால் இரண்டு மூன்று நாளில் உடம்பின் ஒவ்வோர் உறுப்பாகக் கையை விரிக்கும். மருந்து விதிகளில் இ(1) என்று ஓர் அட்டவணை உண்டு, மருத்துவர் கண்காணிப்பில்லாமல் தரக் கூடாத நச்சுச் சரக்குகளின் பட்டியல். அதில் சித்த மருத்துவப் பகுதியில் நாபியும் இருக்கிறது, கலப்பைக்கிழங்கும் இருக்கிறது.

சுமதி அத்தை: அண்ணா, இந்த டப்பா இத்தனை வருடம் பரணில் ஊறுகாய் ஜாடிக்குப் பக்கத்தில்தான் இருந்தது. இந்த மாங்காய்க் காலத்தில்தான் ஜாடியை இறக்கினேன்.

முருகேசன் சித்தப்பா: அக்கா, அந்த ஊறுகாயைத்தானே எனக்கு இரண்டு பாட்டில் கொடுத்தீர்கள்?

சுமதி அத்தை: டப்பா மூடி இறுக்கமாகத்தான் இருந்தது. தின்று இரண்டு மாதம் ஆகிறது, இன்னும் பேசிக்கொண்டுதானே இருக்கிறாய்.

காலை 11:40

பவித்ரா: வந்துவிட்டோம். வாயு சேர்ந்திருக்கிறது, பயப்பட ஒன்றுமில்லை என்றார் மருத்துவர். பால் கொடுத்ததும் தோளில் போட்டு ஏப்பம் வரும்வரை தட்டச் சொன்னார். நான் இத்தனை நாள் படுக்கவைத்தே பால் கொடுத்துவிட்டு அப்படியே விட்டிருக்கிறேன். இப்போது தூங்குகிறாள்.

லட்சுமி: நல்லது பவி. நீயும் கொஞ்சம் தூங்கு.

பவித்ரா: அண்ணி, மாமியார் ஒன்று கேட்கச் சொன்னார்கள். பெருங்காயமாவது தடவலாமா?

இராமமூர்த்தி பெரியப்பா: அதையும் மருத்துவரிடமே கேள். இன்றைக்கு இந்தக் குழுவில் யாரும் வைத்தியம் சொல்லக் கூடாது, நான் உட்பட. சுமதி, டப்பாவை மூடித் துணியில் கட்டிப் பிள்ளைகள் எட்டாத இடத்தில் வை. நாளை பஸ்ஸில் வந்து நானே எடுத்துப்போகிறேன். நோட்டை எறிந்துவிடாதே. அது எனக்கு வேண்டும்.

சுமதி அத்தை: கட்டிவிட்டேன் அண்ணா. புதிதாகக் காகிதமும் ஒட்டிவிட்டேன்.

முருகேசன் சித்தப்பா: காகிதத்தில் என்ன எழுதினீர்கள் அக்கா? நாபியா, அடவி நாபியா, கலப்பைக்கிழங்கா?

சுமதி அத்தை: "விஷம். தொடாதே. சுமதி."